சம்பளம் யார் கொடுக்கிறார்கள்?

அம்மான், ஜோர்டான்,
ஞாயிறு இரவு

அன்புள்ள சண்முகம்,

மூன்று மாதமாக ஒரு வரி எழுதவில்லை. கோபித்துக்கொண்டிருப்பாய், நியாயம்தான். மகளுக்குச் சுகப்பிரசவம், பெண் குழந்தை. மாப்பிள்ளை வேலைக்குப் போனபின் தொட்டில் என் பொறுப்பு. உன் முழங்கால் எப்படி இருக்கிறது? ஏட்டையா கொடுத்த தைலத்தை அலமாரியில் வைத்துப் பூஜை செய்யாதே, எடுத்துத் தேய்.

இப்போது எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் வேறு. உன்னிடம் சொல்லாவிட்டால் எனக்குத் தூக்கம் வராது.

கீழ்வீட்டுக்காரர் ஓய்வுபெற்ற கணக்கு வாத்தியார். பாலஸ்தீனர், பூர்வீகம் ஜெனின் பக்கம். சாயங்காலம் மாடிப்படியில் உட்கார்ந்து பேசுவோம். நான் போலீஸ் பயிற்சிக் கல்லூரியில் இருந்தவன் என்று தெரிந்ததும் போனில் ஒரு படம் காட்டினார். அக்கா மகனாம், மேற்குக் கரையில் பாலஸ்தீன தேசியப் பாதுகாப்புப் படையில் இருக்கிறான். அணிவகுப்பில் மூன்றாவது ஆள். குதிகால் சேர்ந்திருக்கிறது, முழங்கை விலாவோடு ஒட்டியிருக்கிறது, பார்வை நேர்கோட்டில். பழக்கியவன் கெட்டிக்காரன் என்று பார்த்ததுமே தெரிந்தது. "இங்கேதான் பழகினான், ஊருக்கு வெளியே" என்றார்.

ஈராக் போருக்குப் பிறகு ஈராக் போலீஸுக்காகக் கட்டிய மையம் அது. 2008-லிருந்து பாலஸ்தீனப் பட்டாளங்களும் அங்கே வந்தன. அமெரிக்கப் பணம், ஜோர்டான் வாத்தியார்கள், சுமார் நாலு மாதப் பயிற்சி. 2005-லேயே அமெரிக்கா பாலஸ்தீனப் படைகளைச் சீர்செய்ய ஒரு ராணுவ ஜெனரலை ஒருங்கிணைப்பாளராக அனுப்பியது. மறுவருஷம் ஐரோப்பிய ஒன்றியத்தின் போலீஸ் குழு, பாலஸ்தீன நிர்வாகம் உட்கார்ந்திருக்கும் ராமல்லாவுக்கு வந்தது. அதே 2006-ல் தேர்தலில் ஹமாஸ் இயக்கம் ஜெயித்தது, 2007-ல் காஸா அவர்கள் கைக்குப் போயிற்று, மேற்குக் கரை மட்டும் ராமல்லா நிர்வாகத்திடம் நின்றது. அதற்கப்புறம்தான் மேற்குக் கரைப் படைகளுக்குப் பணம் கொட்டியது. 2007 முதல் 2010 வரை அமெரிக்கா மட்டும் ஒதுக்கியது ஏறத்தாழ 39 கோடி டாலர்.

பலன் இல்லை என்று சொல்லமாட்டேன். துப்பாக்கிக் கும்பல்கள் ஆட்டிவைத்த ஜெனினில் 2008-க்குப் பிறகு ராத்திரியில் கடை திறந்திருந்ததை வாத்தியாரே சொன்னார். கல்யாண ஊர்வலத்தில் வானத்தைப் பார்த்துச் சுடுவது நின்றதே பெரிய விஷயம் என்றார்.

ஆனால் அந்தப் பையன் பஸ்ஸில் போகும்போது சீருடையை பிளாஸ்டிக் பையில் மடித்து எடுத்துப்போகிறான். படை முகாமுக்குள் போய்த்தான் மாட்டுகிறான். அவன் அம்மா அதை ராத்திரியில் வீட்டுக்குள்ளேயே கொடி கட்டி உலர்த்துகிறாள், மாடியில் போடுவதில்லை. ஏன் தெரியுமா? இஸ்ரேல் ராணுவம் நடுராத்திரி ஊருக்குள் வரும்போது பாலஸ்தீனப் போலீஸார் தங்கள் நிலையத்துக்குள் போய்விட வேண்டும். முன்கூட்டித் தகவல் வரும், தெருவைக் காலி செய்வார்கள். விடிந்ததும் திரும்ப வந்து போக்குவரத்தை ஒழுங்குபடுத்துவார்கள். 'பாதுகாப்பு ஒருங்கிணைப்பு' என்று அதற்குப் பெயர். கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே இருந்தவனைக் காலையில் ஊர் எந்தக் கண்ணோடு பார்க்கும்? நம் பையன் ஒருவனை நாம் அப்படி நிறுத்தியிருப்போமா, சண்முகம்?

அந்த அமெரிக்க ஜெனரல்களில் கீத் டேட்டன் என்று ஒருவர், ஐந்து வருஷம் பொறுப்பில் இருந்தவர். நாடு உருவாகிறது என்று சொல்லிக்கொண்டே இருந்து, நாடு வராமல் போனால் அந்தப் பேச்சு இரண்டு வருஷம்தான் தாங்கும் என்று 2009-லேயே வாஷிங்டனில் பேசியிருக்கிறார். அவருக்கே தெரிந்திருக்கிறது. அப்புறமும் வகுப்பு மட்டும் நடந்துகொண்டே இருந்தது.

இன்னொன்று கேள். கல்கத்தா போலீஸ் கமிஷனராக இருந்த டெகார்ட், நம் ஊர்ப் புரட்சிக்காரர்களை வேட்டையாடியவர், அவரைத்தான் பிரிட்டிஷ்காரர்கள் 1937 கடைசியில் பாலஸ்தீனத்துக்குக் கூப்பிட்டார்கள். அவர் சொல்லித்தான் ஊர் ஊராகப் போலீஸ் கோட்டைகள் எழும்பின. இன்றைக்கும் அவற்றை டெகார்ட் கோட்டை என்றுதான் சொல்கிறார்கள். அவர் பெயரை இங்கே கேட்டபோது வயிற்றைப் பிசைந்தது.

2021-ல் நிஸார் பனாத் செத்ததைப் படித்திருப்பாய். பாலஸ்தீன நிர்வாகத்தை விமர்சித்துப் பேசியவர். விடிவதற்கு முன்னால் பாதுகாப்புப் படையினர் புகுந்து அடித்து இழுத்துப்போனார்கள், சில மணி நேரத்தில் உயிர் போயிற்று. கைது எப்படிச் செய்வது என்று இவர்களுக்கு எத்தனை வகுப்பு நடந்திருக்கும்! தட்டிக்கேட்கச் சட்டமன்றமும் இல்லை. 2006-க்குப் பிறகு அதற்குத் தேர்தலே நடக்கவில்லை, இருந்த மன்றத்தையும் 2018-ல் கலைத்துவிட்டார்கள்.

2024 டிசம்பரில் இந்தப் பையனை ஜெனின் அகதி முகாமுக்குள் அனுப்பினார்கள். ஆயுதக் குழுக்களோடு வாரக்கணக்கில் சண்டை, இரண்டு பக்கமும் சாவு. அவன் கூடப் படித்தவன் எதிர்ப்பக்கம் இருந்தான். 2025 ஜனவரி 21-ல் இஸ்ரேல் ராணுவமே உள்ளே இறங்கி முகாமைக் காலி செய்துவிட்டது. அன்றிலிருந்து பையன் வீட்டில் சரியாகப் பேசுவதில்லையாம்.

முதல் நாள் வகுப்பில் நீ கேட்பாயே, "உனக்குச் சம்பளம் யார் கொடுக்கிறார்கள்?" என்று, மக்கள் என்று யாராவது சொல்லும்வரை பாடத்தைத் தொடங்கமாட்டாயே, அதை வாத்தியாரிடம் சொன்னேன். கணக்கு வாத்தியார் இல்லையா, விரல் மடக்கினார். பயிற்சி அமெரிக்கா. பழக்கியது ஜோர்டான். துப்பாக்கி உள்ளே வர இஸ்ரேல் சம்மதம். சம்பளத்துக்கான வரிப்பணத்தை வசூலிப்பதும் இஸ்ரேல், பிடித்து வைத்துக்கொள்வதும் இஸ்ரேல், அதனால் பையனுக்குப் பல மாதங்களாகப் பாதிச் சம்பளம்தான். உத்தரவு ராமல்லா. ஐந்து விரலும் மடங்கிவிட்டது. கையை அப்படியே மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

இப்போது காஸாவுக்குப் புதுப் போலீஸ் பழக்கப்போகிறார்கள். 2025 நவம்பரில் ஐ.நா. பாதுகாப்பு மன்றத் தீர்மானத்திலேயே அது இருக்கிறது, எகிப்தும் ஜோர்டானும் துணை. இடிபாட்டுக்கு நடுவில் திருட்டைப் பிடிக்கவும் வண்டிகளை ஒழுங்குபடுத்தவும் ஆள் வேண்டும், மறுக்கவில்லை. அந்தப் பையன்களிடம் உன் கேள்வியை யார் கேட்பார்கள் என்றுதான் மனசு அடித்துக்கொள்கிறது.

உன் பழைய வகுப்புக் குறிப்பு நோட்டு இருந்தால் படம் எடுத்து அனுப்பு. வாத்தியார் பார்க்க வேண்டும் என்கிறார், மருமகனுக்கு மொழிபெயர்த்து அனுப்புவாராம். இருபதாம் தேதி ஊருக்குத் திரும்புகிறேன். குழந்தை அழுகிறது.

உன்,
முத்து