கண்ணாடிப் பாலமும் நம்ம வீட்டு ஜன்னலும்

அன்புள்ள பிரபுவுக்கு,

அம்மா எழுதறது. இங்க எல்லாரும் சௌக்கியம். நீயும் சௌக்கியமா இருக்கோணும்னு பெரிய மாரியம்மனைக் கும்பிட்டுக்கறேன். வாட்ஸப்புல நான் அனுப்பறதுக்கெல்லாம் ரெண்டு நீல டிக் விழுகுது, நீ படிக்கறேன்னு தெரியுது. பதில்தான் வர்றதில்லை. அதான் முறுக்குப் பார்சலுக்குள்ள இதை வெச்சு அனுப்பறேன். சுதாவுக்குக் கூடக் காட்டலை.

வேளாவேளைக்குச் சாப்பிடு. குளிர் ஆரம்பிச்சிருக்கும், காதை மூடிக்க. யாருக்கும் ஜாமீன் கையெழுத்துப் போடாதே. சிநேகிதனா இருந்தாலும் சரி.

அப்பா திதிக்கு நீ வரலை. டிக்கெட் விலை எனக்கும் தெரியும், குறையாச் சொல்லலை. ஆனா அன்னிக்குச் சாயங்காலமாச்சும் ஒரு போன் பண்ணியிருக்கலாம். ஐயர் உன் பேரைச் சொல்லி சங்கல்பம் பண்ணறப்ப சுதா என்னைத் திரும்பிப் பார்த்தா. நான் எள்ளைப் பார்த்துட்டு உக்காந்திருந்தேன்.

போன வாரம் ஒருத்தர் போன் பண்ணி, "பிரபு அம்மாவுங்களா"ன்னு கேட்டாரு. தமிழ்தான் பேசினாரு. என்ன விஷயம்னு கேட்டேன். "அவருகிட்டயே பேசிக்கறோங்க"ன்னு வெச்சுட்டாரு. உன் கூடப் படிச்சவங்களாத்தான் இருக்கும்.

கார்த்தி லீவுக்கு வந்திருந்தான். "மாமா இருக்கற நாடு அம்மச்சி, பாரு"ன்னு சொல்லி அந்தக் கொரியா சீரியலைத் தமிழ்ல போட்டான். ஸ்க்விட் கேம். 2021-லயே வந்ததாம், உலகமே பார்த்துதாம், நான் இப்பத்தான் பார்க்கறேன். முதல்ல நான் கதையைக் கவனிக்கவே இல்லை சாமி. தெருவைத்தான் பார்த்துட்டிருந்தேன். அந்த மார்க்கெட்டு, சுரங்க ரயில் ஸ்டேஷன், ராத்திரியில கடை வாசல்ல போட்டிருக்கற பிளாஸ்டிக் நாற்காலி. இந்த மாதிரி ஒரு தெருவுலதானே எம் புள்ளையும் நடந்து போவான்னு பார்த்தேன். நீ இருக்கற சுவோன்ல இருந்து அந்த இடமெல்லாம் எத்தனை தூரம்னு கார்த்தியைக் கேட்டுட்டே இருந்தேன்.

அப்பறம் கதை என்னைப் புடிச்சுக்கிச்சு. கடன்ல முழுகின 456 பேரைத் தேடிப் புடிச்சு ஒரு தீவுக்குக் கொண்டு போயிடறாங்க. நாம சின்னதுல ஆடின மாதிரி ஆட்டம். தோத்தா சுட்டுடுவாங்க. ஒரு உசுருக்குப் பத்துக் கோடி வொன், அந்த ஊர்க் காசு, அப்படின்னு கணக்கு வெச்சு, மொத்தம் 4,560 கோடியை மேல ஒரு கண்ணாடி உண்டியல்ல தொங்க விட்டிருக்காங்க. சுடறவங்களைப் பார்த்து எனக்குக் கோவம் வரலை. அவனுகளும் முகத்தை மூடிக்கிட்டு, கூலிக்கு நிக்கற பசங்க. எனக்கு வயிறு எரிஞ்சது ஏழாவது பாகத்துலதான்.

அதுல பெரிய பணக்காரனுக வந்து இறங்கறானுக. வி.ஐ.பி.ன்னே பேரு. மூஞ்சியில தங்க முகமூடி. ஒருத்தனுக்குச் சிங்கம், ஒருத்தனுக்குக் கொம்பு வெச்ச மான். சோபாவுல சாஞ்சுக்கிட்டு, கையில கிளாஸை வெச்சுக்கிட்டு, எந்த நம்பர் ஜெயிக்கும்னு பந்தயம் கட்டறானுக. அவனுக காலை நீட்டிக்கறதுக்கு மனுசங்க குனிஞ்சு கிடக்கறாங்க, மேலெல்லாம் பெயின்ட் அடிச்சுக்கிட்டு. கார்த்தி சொல்றான், அந்த வி.ஐ.பி.யா வந்தவங்க நல்லாவே நடிக்கலைன்னு அப்ப ஊரே பேசிச்சாம். எனக்கு அப்படித் தோணலை. ஒருத்தன் சாகறதைக் காசு குடுத்துப் பார்க்க வந்தவன் வேற எப்படிப் பேசுவான்? ஓட்டல்ல உக்காந்து, இது ஆறிப்போச்சு, வேற கொண்டாங்கற மாதிரித்தான் பேசுவான்.

அந்தக் கண்ணாடிப் பாலம் உனக்கு ஞாபகம் இருக்குமே. அதைப் பார்க்கறப்ப அப்பா இல்லையேன்னு இருந்துச்சு. பதினெட்டு ஜோடிக் கண்ணாடி. ஒவ்வொரு ஜோடியிலயும் ஒண்ணு டஃபன்ட், அதான் சூட்டுல போட்டு உறுதியாக்கினது, ஒண்ணு சாதா. டஃபன்ட் தாங்கும், சாதாவுல கால் வெச்சா கீழதான். அதுல கண்ணாடி ஃபேக்டரியில முப்பது வருசத்துக்கு மேல வேலை பார்த்த ஒருத்தர் வர்றாரு. குனிஞ்சு, தலையைச் சாய்ச்சு, வெளிச்சம் கண்ணாடி மேல எப்படி விழுகுதுன்னு பார்த்தே எது எதுன்னு சொல்லிடறாரு. நம்ம அப்பா கடை வாசல்ல நின்னு, சரக்கு இறங்கறப்ப பார்க்கற அதே பார்வை. உனக்கு எட்டு வயசுல வைர கட்டரை மண்ணெண்ணெய்ல தொட்டு, கையைப் புடிச்சுக் கோடு இழுக்கச் சொல்லிக் குடுத்தாரே. அடியில ஒரு தட்டுத் தட்டினா கோட்டோட உடையும். "டஃபன்டை மட்டும் வெட்ட முடியாதுடா, வெட்டினா கல்கண்டு மாதிரிக் கொட்டிடும், ஃபேக்டரிக்குப் போறதுக்கு முன்னாலயே அளவெடுத்துடணும்"னு சொல்லுவாரு. கண்ணாடி கையிலயே புழங்கின மனுசன்.

அந்த ஆளு சரியாச் சொல்லிச் சொல்லி நடந்தா, தங்க முகமூடிக்காரனுகளுக்குச் சப்புன்னு போயிடுது. எப்படிக் கண்டுபுடிக்கறான்னு கேக்கறானுக. உடனே ஆட்டத்தை நடத்தற கறுப்பு முகமூடிக்காரன் விளக்கையெல்லாம் அணைச்சுடறான். எல்லாருக்கும் ஒரே நியாயம்னு சொல்லி ஒரு டாக்டரைச் சாகடிச்சவன் அவன். இங்க முப்பது வருச உழைப்புல வந்த ஒரே ஒரு அறிவு அந்த மனுசனைக் காப்பாத்தப் போகுது, அதையும் இருட்டாக்கிட்டான், பார்க்க வந்தவனுக்குச் சுவாரஸ்யம் போதலைன்னு. நான் எந்திரிச்சுச் சமையல்கட்டுக்குப் போயிட்டேன். கார்த்தி பால் பொங்கிடுச்சான்னு கேக்கறான். அடுப்புல பாலே வெக்கலை.

மூணாவது சீசனையும் போட்டான், 2025 ஜூன்ல வந்தது. அதுல அதே கூட்டம், செத்துப்போன ஒரு பொண்ணுக்குப் பதிலா அவ பெத்த பச்சைக் குழந்தையை ஆட்டத்துல சேர்த்துக்கலாம்னு சொல்லுது. அதோட போதும்டான்னு நிறுத்தச் சொல்லிட்டேன்.

உனக்குச் சம்பளம் ஒழுங்கா வருதா? அதுல அலின்னு ஒரு பையன் வர்றான், பாகிஸ்தான்ல இருந்து போனவனாக் கதை. நடிச்சது நம்ம டெல்லிப் பையனாம். மொதலாளி ஆறு மாசமாச் சம்பளம் குடுக்காம ஏமாத்தறான். அதைப் பார்த்துத்தான் கேக்கறேன். வேற ஒண்ணுமில்லை.

இன்னொண்ணு. சங்-வூன்னு ஒருத்தன். பெரிய காலேஜ்ல படிச்சவன், அந்தத் தெருவுக்கே பெருமை. அவங்க அம்மா மீன் விக்குது. எம் பையன் வேலை விஷயமா அமெரிக்கா போயிருக்கான்னு வர்றவங்க போறவங்ககிட்ட எல்லாம் சொல்லுது. அவன் அம்மாவோட கடையையும் வீட்டையும் அடமானம் வெச்சிருக்கான், அதுக்குத் தெரியாது. மீனைச் சுத்தம் பண்ணிட்டே சிரிச்சுக்கிட்டுச் சொல்லுது பாரு, எனக்கு அந்த முகம் ரெண்டு நாளா

சரி, அதை விடு. நீ அப்படியெல்லாம் பண்ணற புள்ளை இல்லை. ப்ளஸ் டூவுல 1,162 வாங்கினப்ப அப்பா கடைக்கு வந்தவங்களுக்கெல்லாம் லட்டு குடுத்தாரு. அந்த மார்க் ஷீட்டுக்கு ஃப்ரேம் போட்டது இன்னும் நடையில தொங்குது. இந்தத் தெருவுல மொத மொதல்ல டாக்டர் பட்டம் வாங்கினது எம் மவன். அதை நான் எங்க வேணா நின்னு சொல்லுவேன்.

யாருக்கும் கையெழுத்துப் போடாதே. முன்னாலயே சொல்லிட்டேன்ல. கைமாத்தா வாங்காதே, குடுக்காதே. மொபைல்ல அஞ்சு நிமிசத்துல கடன் தர்றோம்னு வர்றதைத் தொடவே தொடாதே.

பிரபு, நான் சொல்ல வந்தது இதில்லை. நாலு நாளா எழுதி எழுதிக் கிழிச்சுப் போடறேன்.

எதிர் வீட்டு ராசாத்தியை உனக்கு ஞாபகம் இருக்கும். தறி ஓட்டிட்டிருந்தாங்க. செல்வி உன் கூடப் பத்தாவது வரைக்கும் படிச்சுது. 2007-ல நீ நாமக்கல் ஹாஸ்டல்ல இருந்தப்ப ஒரு நாள் சாயங்காலம் வட்டிக்காரர் ஆளுங்க வந்தாங்க. தெரு நடுவுல ராசாத்தி வீட்டுக் கயித்துக் கட்டிலையே இழுத்துப் போட்டு உக்காந்தாங்க. கடையில இருந்து டீ வாங்கிக் குடிச்சாங்க. குக்கர், அன்னக்கூடை, பித்தளைக் குடம் ஒவ்வொண்ணா வெளிய வந்துச்சு. செல்வியோட ஸ்கூல் பையையும் தூக்கிப் போட்டாங்க. ஜியாமெட்ரி பாக்ஸ் தெறிச்சுத் திறந்து, காம்பஸ் ஒரு பக்கம், பாகைமானி ஒரு பக்கம் உருண்டுச்சு. அந்தப் புள்ளை ரோட்டுல மண்டி போட்டு அதைப் பொறுக்குச்சு. அவங்கப்பனைச் சட்டையைக் கழட்டிட்டு நிக்கச் சொன்னாங்க.

தெருவுல ஒரு வீட்டுலயும் விளக்கு எரியலை. எல்லாரும் ஜன்னலுக்குப் பின்னால நின்னுட்டிருந்தோம். நம்ம முன்ரூம் ட்யூப்லைட்டை அணைச்சது நான்தான். நான் பார்க்கறது வெளிய தெரியக் கூடாதுன்னு அணைச்சேன். அப்பா சட்டையைப் போட்டுக்கிட்டுக் கிளம்பிட்டாரு. "ஒரு வார்த்தை கேட்டுட்டு வந்துடறேன்"னாரு. நான் கையைப் புடிச்சு இழுத்து, நமக்கெதுக்கு வம்பு, புள்ளை படிக்கறான்னு சொல்லி நிறுத்திட்டேன். நான் பயந்துட்டேன்னு அவரு நெனைச்சாரு. சாகற வரைக்கும் அப்படித்தான் நெனைச்சிருந்தாரு.

பயம் இல்லை. அந்த வட்டிக்காரர்கிட்ட என் பணம் 60,000 இருந்துச்சு. எங்கப்பிச்சி குடுத்தது, நகைச்சீட்டுல சேர்த்ததுன்னு அப்பாவுக்குத் தெரியாமப் போட்டு வெச்சிருந்தேன். எனக்கு ரெண்டு வட்டி குடுத்தாரு, அதையே வெளிய பத்து வட்டிக்கு விட்டாரு. மாசம் 1,200 வரும். உன் ஹாஸ்டல் செலவுக்குன்னு நான் குடுத்தது அதுதான். ராசாத்தி வீட்டுல அது நடந்து மூணாம் நாள், அஞ்சாம் தேதி, எப்பவும் போல நம்ம வாசல்ல வந்து எண்ணிக் குடுத்தாரு. நானும் வாங்கி எண்ணிப் பார்த்தேன்.

அந்த வாரமே அவங்க ராவோட ராவா ஊரை விட்டுப் போயிட்டாங்க. லீவுக்கு வந்தப்ப நீ கேட்டே, செல்வி எங்கம்மான்னு. ப்ளஸ் ஒன்னுக்கு வேற ஊருல சேர்ந்துடுச்சுன்னு சொன்னேன். அது மில்லு வேலைக்குப் போயிடுச்சு. திருப்பூர்ல இருக்காங்கன்னு கேள்வி. ஈரோட்டுல இருந்து ஒரு மணி நேரப் பஸ்ஸு. இத்தனை வருசத்துல நான் போய்ப் பார்க்கலை.

அதைச் செஞ்சுட்டு நான் வீட்டுல என்ன பேசினேன்னு நீ மறந்திருக்க மாட்டே. கடன் வாங்கினவனை வாசப்படி ஏத்த மாட்டேன், வாங்கறப்ப இனிச்சுதில்லைன்னு, ராசாத்தியைப் பத்தி எத்தனை தடவை சோத்துத் தட்டு முன்னால பேசியிருப்பேன். நீ தலையைக் குனிஞ்சு சாப்பிட்டுட்டிருப்பே. இதையெல்லாம் கேட்டு வளர்ந்த புள்ளை, தனக்கு ஒண்ணுன்னா என்கிட்ட எப்படிச் சொல்லுவான்? அந்த சீரியல்ல கடைசியில, நீங்க எங்களுக்குக் குதிரை மாதிரின்னு சொல்றான் ஒருத்தன். எனக்குக் குதிரை ஞாபகம் வரலை. நம்ம ஜன்னல் கம்பிதான் கண்ணு முன்னால வந்துச்சு.

அந்த போன்காரர் ஒரு தடவை இல்லை, ரெண்டு தடவை பண்ணினாரு. ரெண்டாவது தடவை கொஞ்சம் சத்தமாப் பேசினாரு, உன் பேரோட தொகை ஏதோ சொல்ல ஆரம்பிச்சாரு. பக்கத்துல சம்பந்தியம்மா உக்காந்திருந்தாங்க. நான் ராங் நம்பர்னு சொல்லி வெச்சுட்டேன். பெத்த புள்ளை பேரைச் சொல்லிக் கேக்கறப்ப ராங் நம்பர்னு சொன்னேன் கண்ணு. அன்னிக்கு ராத்திரி பூரா தூங்கலை.

எவ்வளவுன்னு மட்டும் சொல்லு. ஏன்னு கேக்க மாட்டேன், சுதாகிட்ட சொல்ல மாட்டேன். கடை வாடகை பேங்க்ல அப்படியே கிடக்குது. வளையல் நாலு இருக்குது. கடைப் பத்திரம் பீரோவுல அப்பா வேட்டிக்கு அடியில இருக்குது, யார் பேருலயும் எதுவும் இல்லை. ஒண்ணுமே இல்லை, நானா நெனைச்சுக்கறேன்னா அதையும் சொல்லு, திட்டறதுன்னாலும் திட்டு.

நான் நாலு மணிக்கே எந்திரிச்சுடறேன், உனக்கு அப்ப ஏழரை. வேலைக்குக் கிளம்பறதுக்கு முன்னால கூப்பிடு. முறுக்கு ஒரு டப்பாவுல எள்ளுப் போட்டது, இன்னொண்ணுல போடாதது, ரூம்ல இருக்கறவங்களுக்கும் குடு.

அந்த ஆளு திரும்பப் பண்ணினா, ஆமாங்க, நான் பிரபு அம்மாதான், சொல்லுங்கன்னு சொல்லுவேன்.

இப்படிக்கு,
அம்மா