கணக்கு எழுதியவர்களையும் கொஞ்சம் சொல்லுங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். உங்கள் இதழில் வந்துகொண்டிருக்கும் பழைய நாகரிகங்கள் பற்றிய தொடரை ஒரு வாரம்கூட விடாமல் படித்துவருகிறேன். பேத்திக்கும் வாசித்துக் காட்டுகிறேன். படங்களும் வரைபடங்களும் அருமை. ஆனால் போன வாரப் பகுதியில் ஒரு வரி மனதை உறுத்திக்கொண்டே இருக்கிறது. மன்னர்களின் புகழையும் தெய்வங்களின் பெருமையையும் பதிந்து வைக்கவே மனிதன் எழுத்தைக் கண்டுபிடித்தான் என்று எழுதியிருந்தீர்கள். இன்றைய ஈராக் பகுதியான மெசபடோமியாவைப் பற்றிய கட்டுரையில் அந்த வரி வந்ததுதான் எனக்கு வருத்தம். ஏனென்றால் அங்கே நடந்தது வேறு.

தெற்கு ஈராக்கில் உருக் என்ற நகரம் இருந்தது. இன்று அந்த இடத்துக்கு வர்க்கா என்று பெயர். கி.மு. 3300-ஐ ஒட்டிய காலத்துக் களிமண் பலகைகள் அங்கே கிடைத்தன. உலகத்தில் கிடைத்திருக்கும் மிகப் பழைய எழுத்துகளில் அவை சேர்த்தி. ஆயிரக்கணக்கான அந்தப் பலகைகளில் பெரும்பாலானவை வெறும் கணக்கு. இவ்வளவு வாற்கோதுமை, இத்தனை ஆடு, இத்தனை ஜாடி பீர், இன்னாரிடம் கொடுத்தது, இன்னாரிடமிருந்து வந்தது. மீதி இருப்பவை சொற்பட்டியல்கள்: தொழில்களின் பெயர், பாத்திரங்களின் பெயர் என்று, எழுதப் பழகுகிறவர்கள் பார்த்து எழுத வேண்டியவை. ஒரு கதையோ மன்னரைப் புகழும் ஒரு பாட்டோ அவற்றில் இல்லை. இலக்கியம் களிமண்ணில் ஏறுவதற்கு இன்னும் பல நூறு ஆண்டுகள் ஆயின.

நான் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் 31 வருடம் கணக்கு எழுதியவன். உரம், விதை, நகைக்கடன், பயிர்க்கடன் என்று பேரேடுகளுக்குள்ளேயே வாழ்க்கை போனது. அதனால்தான் இது என்னை இவ்வளவு தொடுகிறது போலிருக்கிறது. லாரியில் உர மூட்டை வந்து இறங்கும்போது கிடங்குக் கதவில் சாக்கட்டியால் நான்கு கோடு போட்டு ஐந்தாவதைக் குறுக்கே இழுப்போம். அதற்கும் முன்னால், என் சிறு வயதில், களத்தில் அப்பா மரக்காலால் நெல் அளப்பார். முதல் மரக்காலை ‘ஒன்று’ என்று சொல்ல மாட்டார், ‘லாபம்’ என்பார். அப்புறம்தான் ரெண்டு, மூணு. பக்கத்தில் உட்கார்ந்து நான் கோடு போட வேண்டும். ஒரு கோடு விட்டுப்போனால் ஒரு மரக்கால் போச்சு. உருக் பலகையின் படத்தை முதன்முதலில் பார்த்தபோது, ஈரக் களிமண்ணில் வட்ட வட்டமாகக் குத்தியிருந்த எண்களைப் பார்த்து ஒரு நிமிடம் பேச்சே வரவில்லை. இந்த வேலை எனக்குத் தெரியும் என்று தோன்றியது.

அந்தப் பலகைகளில் ஒன்று 37 மாதக் கணக்கு. 29,086 அளவை வாற்கோதுமை. கீழே ‘குஷிம்’ என்று படிக்கக்கூடிய குறிகள். அது ஒரு ஆளின் பெயரா, பதவியின் பெயரா என்று அறிஞர்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. ஆள்தான் என்றால், உலகத்தில் எழுத்தில் பெயர் நிற்கும் மிகப் பழைய மனிதர்களில் அவர் ஒருவர். பீர் காய்ச்சுவதற்கான தானியத்துக்குப் பொறுப்பாளராக இருந்தவர். அந்த வரிசையில் ஒரு கிடங்குப் பொறுப்பாளர் வருகிறார் என்பதை உங்கள் தொடரில் ஒரு பத்தியாவது சொல்லியிருக்கலாம்.

சரி, எகிப்துக்கு வருகிறேன். பிரமிடுக்கு இரண்டு வாரம் ஒதுக்கியிருந்தீர்கள். கல்லின் எடை, உயரம், உள்ளே இருக்கும் வழிகள் எல்லாம் வந்தன. 2013-ல் செங்கடல் ஓரத்தில் வாடி அல்-ஜர்ஃப் என்ற இடத்தில் பியர் தாலே என்ற பிரெஞ்சு ஆய்வாளரின் குழு கண்டெடுத்த பாப்பிரஸ் (நாணல் தாள்) ஏடுகள் மட்டும் வரவில்லை. கிசாவின் பெரிய பிரமிடைக் கட்டிய குஃபு மன்னரின் காலத்தவை. எழுத்து உள்ள பாப்பிரஸ்களில் இதுவரை கிடைத்தவற்றிலேயே பழையவை. அவற்றில் ஒன்று மெரெர் என்ற மேற்பார்வையாளரின் நாட்குறிப்பு. துரா கல் குவாரியிலிருந்து சுண்ணாம்புக்கல்லைப் படகில் ஏற்றி, நைல் வழியாகக் கிசாவில் கொண்டுபோய் இறக்குவது அவருடைய ஆட்களின் வேலை. இன்று கல் ஏற்றினோம், இன்று படகை விட்டோம், இரவு இன்ன இடத்தில் தங்கினோம். அவ்வளவுதான் எழுதியிருக்கிறார். பத்து நாளில் இரண்டு மூன்று நடை. பிரமிடு எப்படி எழுந்தது என்று ஊர் உலகமெல்லாம் என்னென்னவோ கதை சொல்லிக்கொண்டிருக்க, அங்கே கல் சுமந்த ஒரு குழுவின் தினப் பதிவேடே நம் கையில் இருக்கிறது!

அதோடு கிடைத்த இன்னும் சில ஏடுகள், ஆட்களுக்கு வந்த உணவுப் பொருட்களின் கணக்கு. கட்டம் கட்டமாகப் போட்டிருக்கிறார்கள்: வரவேண்டியது, வந்தது, பாக்கி. எங்கள் சங்கத்து இருப்புப் பதிவேட்டிலும் இதே மூன்று பத்திகள்தான். சுமார் 4,600 வருடம் ஆகியும் அதைவிட நல்ல முறை யாருக்கும் தோன்றவில்லை.

கணக்கு எழுதியவர்களைத் தூக்கிப் பிடிக்கிறேன் என்பதற்காக, எல்லாம் நல்லபடியாக இருந்தது என்று சொல்ல வரவில்லை. கி.மு. 2100-ஐ ஒட்டி, ‘ஊர்’ என்றே பெயர் கொண்ட நகரத்து மன்னர்கள் மெசபடோமியாவை ஆண்டார்கள். அந்த ஆட்சியின் பலகைகள் மட்டும் பல்லாயிரம் கிடைத்திருக்கின்றன. வேலை செய்த ஆணுக்கு மாதம் 60 சிலா வாற்கோதுமை. ஒரு சிலா நம் கணக்கில் ஏறத்தாழ ஒரு லிட்டர். பெண்ணுக்குப் பெரும்பாலும் 30. மேஸ்திரியின் குழு செய்ய வேண்டிய ஆள்நாட்களில் குறைந்தால் அது பாக்கியாக எழுதப்பட்டு அடுத்த வருடக் கணக்கில் ஏறியது. நெசவுக் கூடத்தில் நாளெல்லாம் உட்கார்ந்திருந்த அந்தப் பெண்களின் அரை வயிற்றையும் சேர்த்துத்தான் அந்த நாகரிகம் என்று நான் நினைக்கிறேன். பாதிப் படிதான் கொடுத்தார்கள் என்பதை இன்று நாம் சொல்ல முடிவதும், அன்று ஒருவர் அதை எழுதி வைத்ததால்தான்.

அதே நகரில் லெனார்ட் வூலி 1922 முதல் 1934 வரை தோண்டினார். அரச கல்லறைகளின் தங்கத்தை முழுப் பக்கத்தில் போட்டிருந்தீர்கள். அவர் அங்கே சாதாரண வீடுகளையும் தோண்டினார். அப்படிக் கிடைத்த ஒரு கடிதம் இப்போது லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் இருக்கிறது. கி.மு. 1750 வாக்கில் நன்னி என்பவர் ஈயா-நாசிர் என்ற செம்பு வியாபாரிக்கு எழுதியது. நல்ல செம்பு தருவதாகச் சொல்லிவிட்டு மட்டமான கட்டிகளை வைத்தாயே, பணம் கேட்டு வந்த என் ஆளை அவமதித்தாயே, பகைவர் பூமி வழியாக அவனை வெறுங்கையோடு திரும்பி நடக்க வைத்தாயே என்று கொட்டித் தீர்த்திருக்கிறார். இனிமேல் என் முற்றத்தில் வைத்து நானே பொறுக்கித்தான் எடுப்பேன் என்கிறார். இதைப் படித்தபோது என் பேத்தி, “தாத்தா, அவருக்குக் காசு திரும்பக் கிடைச்சுதா?” என்று கேட்டாள். தங்கக் கிரீடத்தின் படத்தைப் பார்த்து அவள் எதுவுமே கேட்கவில்லை.

இன்னொன்றையும் உங்கள் வாசகர்கள் தெரிந்துகொள்ள வேண்டும். உலக அருங்காட்சியகங்களில் லட்சக்கணக்கான களிமண் பலகைகள் இருக்கின்றன. அவற்றில் பெரும்பகுதியை இன்னும் யாரும் முழுதாகப் படித்து வெளியிடவில்லை. படிக்கத் தெரிந்தவர்கள் அவ்வளவு குறைவு. 2003 ஏப்ரலில் பாக்தாத் அருங்காட்சியகத்திலிருந்து சுமார் 15,000 பொருட்கள் களவு போயின. அந்தச் சமயத்தில் தெற்கு ஈராக்கில் பழைய நகரங்கள் புதைந்திருக்கும் மேடுகளையும் திருடர்கள் தோண்டிக் குதறினார்கள். அப்படி எடுத்த பலகை சந்தையில் விற்றுவிடும். ஆனால் எந்த வீட்டில், எந்த அறையில், எதன் பக்கத்தில் கிடந்தது என்பது போய்விடும். ஃபைலிலிருந்து கிழித்து எடுத்த ரசீது மாதிரிதான் அது. தொகை இருக்கும், எதற்கான தொகை என்று தெரியாது.

தென் அமெரிக்காவின் இன்கா பேரரசு பற்றி அடுத்து எழுதப்போவதாக அறிவித்திருக்கிறீர்கள். மலைமேல் இருக்கும் மச்சு பிச்சு கட்டாயம் வரும், வரட்டும். அவர்கள் கயிற்றில் முடிச்சுப் போட்டுக் கணக்கு வைத்த கீப்புவுக்கும் இரண்டு பத்தி கொடுங்கள். முடிச்சு இருக்கும் இடத்தை வைத்து ஒன்று, பத்து, நூறு என்று பிரித்தார்கள். அதற்கென்றே பயிற்சி பெற்றவர்கள் இருந்தார்கள்.

அப்புறம், எழுத்தைப் பற்றிய அந்த வரிக்கு ஒரு திருத்தம் போட்டால் மிகவும் மகிழ்வேன். கூடவே நன்னியின் கடிதத்தின் படத்தையும் போடுங்கள். அது 11.6 சென்டிமீட்டர் உயரம், 5 சென்டிமீட்டர் அகலம்தான். சுருக்காமல், அசல் அளவிலேயே உங்கள் பக்கத்தில் அடங்கிவிடும்.

இப்படிக்கு,
கூட்டுறவுச் சங்கக் கணக்கர் (ஓய்வு),
திருவாரூர் மாவட்டம்