கத்தி பிடித்தவரையும் எழுதியிருக்கலாமே

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த கிரேக்க சினிமா கட்டுரையை ரசித்துப் படித்தேன். இயக்குநர் கக்கோயானிஸ், நடிகைகள் மெலினா மெர்கூரி, ஐரீன் பாப்பாஸ் என்று வழக்கமான பெயர்கள் எல்லாம் இருந்தன. நடிகர் யோர்கோஸ் ஃபூண்டாஸ் பெயரை மட்டும் காணோம். கட்டுரையாளர் சிலாகித்திருக்கும் ‘ஸ்டெல்லா’, ‘ஸோர்பா’ இரண்டிலும் கதாநாயகியைக் கொல்பவரே அவர்தான். அவரை விட்டுவிட்டு அந்த மரணங்களைப் பற்றி எப்படி எழுத முடிந்தது என்று தெரியவில்லை.

‘ஸ்டெல்லா’ (1955) படத்தின் முடிவில் மெர்கூரி நடந்துவரும் அழகைக் கட்டுரை வர்ணிக்கிறது. எதிரே நிற்பவனைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. திருமணத்தன்று தேவாலயத்துக்கு வராமல் போனவளுக்காக விடியற்காலைத் தெருவில் காத்திருக்கிறான் கால்பந்தாட்டக்காரன் மில்டோஸ். “ஸ்டெல்லா, போய்விடு, என் கையில் கத்தி இருக்கிறது” என்கிறான். கிரேக்கர்களுக்கு இன்றும் மனப்பாடமான வசனம் அது. ஃபூண்டாஸ் சொல்லும்போது எனக்கு அதில் மிரட்டல் கேட்பதில்லை, கெஞ்சல்தான் கேட்கிறது. தன் கையைத் தானே தடுக்க முடியாதவன் அவளிடம் உதவி கேட்கிறான். அவளோ நிற்காமல் வருகிறாள். குத்திய பிறகு அவளைத் தாங்கிக்கொள்வதும் அதே கைதான்.

அடுத்த ஆண்டே கக்கோயானிஸின் ‘கறுப்பு உடைப் பெண்’ படத்தில் ஹைட்ரா தீவின் முரட்டு இளைஞனாக வந்தார். ‘நெவர் ஆன் சண்டே’ (1960) படத்திலும் இருக்கிறார். ஆனால் ஆஸ்கர் வாங்கிய அதன் பாட்டுக்கு முன்னால் நடிகர்களை யார் கவனித்தார்கள்?

‘ஸோர்பா’ (1964) வேறு விஷயம். மகனைப் பறிகொடுத்த மாவ்ராண்டோனி கிழவனாக அவர் நடித்தபோது வயது நாற்பதுதான். அந்த மகனின் சாவுக்குக் காரணம் என்று ஊர் பழிசொல்லும் விதவை (ஐரீன் பாப்பாஸ்) மேல் கத்தியோடு பாய்ந்தவனை ஸோர்பா மடக்கிவிடுகிறான். விதவை தப்பித்துவிட்டாள் என்று நாம் மூச்சு விடும் நேரத்தில் கிழவன் குறுக்கே வந்து அவள் கழுத்தை அறுத்துவிடுகிறான். கோபமாகக்கூடச் செய்வதில்லை, ஊர் ஒப்படைத்த வேலையை முடிப்பவனைப் போல் செய்கிறான். அந்தப் படத்துக்கு மூன்று ஆஸ்கர் கிடைத்தது. ஸோர்பாவாக நடித்த ஆண்டனி க்வின்னின் நடனம் உலகம் சுற்றியது. ஃபூண்டாஸ் ஏதென்ஸோடு நின்றுவிட்டார்.

தாய்நாட்டில் அவரை மறந்துவிடவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ‘கண்களில் ஒளியோடு’ படத்துக்காக 1966இல் தெஸ்ஸலோனிக்கி திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றார். ஜெர்மானியர் ஆக்கிரமிப்புக் காலக் கதை. சுடப்படவிருக்கும் மூன்று மகன்களில் ஒருவனை மட்டும் காப்பாற்றிக்கொள்ளலாம், யாரென்று நீயே சொல் என்கிறார்கள் தகப்பனிடம். அந்தத் தகப்பன்தான் ஃபூண்டாஸ். இந்த முறை அவர் கையில் கத்தி இல்லை. ஒரு பெயரைச் சொன்னால் போதும், மற்ற இருவரும் செத்துவிடுவார்கள்.

2010இல் அவர் காலமானார். கிரேக்க சினிமா பற்றி இன்னொரு கட்டுரை போடும் எண்ணம் இருந்தால், இந்தப் படத்திலிருந்து தொடங்கச் சொல்லுங்கள்.

தங்கள் வாசகன்,
திருச்சி