'இம்ப்ரோலியோ' என்றால் வெறும் குழப்பம் இல்லை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்கள் மாணவர் பக்கத்தில் தினம் ஒரு ஆங்கிலச் சொல் போடுகிறீர்கள். சென்ற வாரம் 'இம்ப்ரோக்ளியோ' (imbroglio) என்று ஒரு சொல்லை எடுத்து, 'குழப்பம், தகராறு' என்று இரண்டே சொல்லில் பொருள் கொடுத்து முடித்துவிட்டீர்கள். வங்கித் தேர்வுக்கும் யு.பி.எஸ்.சி.க்கும் படிக்கிற பிள்ளைகளுக்கு மாலையில் ஆங்கிலம் சொல்லிக்கொடுப்பவள் நான். உங்கள் பக்கத்தை வெட்டி நோட்டில் ஒட்டி வைத்துப் படிக்கிற பிள்ளைகள் நிறையப் பேர் இருக்கிறார்கள், நீங்கள் போடுவதை அப்படியே மனப்பாடம் செய்கிறார்கள், அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். குழப்பம் என்று மட்டும் படித்துவிட்டுப் போகிற பிள்ளை, அலமாரி கலைந்து கிடப்பதற்கும் அந்தச் சொல்லைப் போடும், இரண்டு பேர் பஸ்ஸில் சண்டை போட்டுக்கொள்வதற்கும் போடும். இரண்டுமே தப்பு.

முதலில் உச்சரிப்பு. நடுவில் வருகிற 'ஜி' எழுத்துக்கு ஒலி கிடையாது. இம்ப்ரோலியோ என்றுதான் சொல்ல வேண்டும், அழுத்தம் 'ப்ரோ'வில் விழும். இத்தாலிய மொழியிலிருந்து வந்த சொல், அங்கே அந்த எழுத்துக் கூட்டை அப்படித்தான் ஒலிக்கிறார்கள். மூலவினைக்குச் சிக்கவைத்தல், பின்னிவிடுதல் என்று பொருள். ஆங்கிலத்தில் சண்டைக்குள் இழுத்துவிடப்படுவதை 'எம்ப்ராயில்' என்கிறார்களே, அது பிரெஞ்சு வழியாக வந்த இதே குடும்பத்துச் சொல். எம்ப்ராய்டரிக்கும் இதற்கும் சம்பந்தமில்லை, பிள்ளைகள் அடிக்கடி கேட்பதால் சொல்கிறேன். 18-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்குள் வந்தபோது தாறுமாறாகக் குவிந்து கிடக்கிற குவியலுக்குத்தான் இதைச் சொன்னார்கள், அந்தப் பொருள் இன்று வழக்கில் இல்லை. அப்புறம் நாடகத்தில் ஆள்மாறாட்டமும் ரகசியமுமாகப் பின்னிக்கொண்டே போகும் கதைக்கு வந்தது. அதற்கும் அப்புறம்தான் அரசியல்.

இசையிலும் இந்தச் சொல் உண்டு. வெவ்வேறு தாளக்கட்டுகளை ஒரே நேரத்தில் ஒன்றின் மேல் ஒன்றாக ஓடவிடும் இடத்துக்கு இம்ப்ரோலியோ என்று பெயர். மோட்சார்ட் 1787-இல் பிராகா நகரில் அரங்கேற்றிய 'டான் ஜியோவானி' ஓபராவில், விருந்துக் காட்சியில் மேடையிலேயே மூன்று வாத்தியக் குழுக்கள் மூன்று விதமான நடனங்களுக்கு ஒரே நேரத்தில் வாசிக்கும், ஒவ்வொன்றுக்கும் தாளம் வேறு. எந்தக் குழுவும் தாளம் தப்பவில்லை, அவரவர் கணக்கு அவரவருக்குச் சரி. அரசியல் பொருளை விளங்கிக்கொள்ள இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை. ஏனென்றால் அரசியலில் இம்ப்ரோலியோ என்பதும் இதேதான்: பல தரப்பு இருக்கும், ஒவ்வொரு தரப்பின் கையிலும் ஒரு காகிதமோ ஒப்பந்தமோ பழைய வாக்குறுதியோ இருக்கும், தனித்தனியாக எடுத்துப் பார்த்தால் எல்லாவற்றிலும் கொஞ்சம் நியாயம் தெரியும், சேர்த்து வைத்தால் ஒன்றை அவிழ்க்கப் போய் இன்னொன்று இறுகும். அதோடு, சம்பந்தப்பட்டவர்களுக்குக் கொஞ்சம் தலைகுனிவும் கலந்திருக்கும். அந்தத் தலைகுனிவு அகராதிகளிலேயே இருக்கிறது, உங்கள் பக்கத்தில்தான் இல்லை.

தீராத சண்டைக்கு ஆங்கிலத்தில் வேறு சொற்களும் இருக்கின்றன, அவற்றோடு இதைக் கலந்துவிடக் கூடாது. 'ஸ்டேல்மேட்' சதுரங்கத்திலிருந்து வந்தது: ராஜாவுக்குச் செக் இல்லை, ஆனால் சட்டப்படி நகர்த்த ஒரு காயும் இல்லை, ஆட்டம் சமன். 'ஸ்டாண்டாஃப்' என்றால் இரண்டு பேர் நேருக்கு நேர் முறைத்துக்கொண்டு நிற்பது. 2017-இல் டோக்லாமில் இந்திய, சீன வீரர்கள் 73 நாட்கள் நின்றார்களே, அது ஸ்டாண்டாஃப். யார் எங்கே நிற்கிறார்கள் என்பதில் அங்கே மயக்கம் எதுவும் இல்லை. இம்ப்ரோலியோவில் அதுவே தெளிவாக இருக்காது.

இதற்கு நம் நாட்டிலேயே உலகத்துக்குக் காட்டக்கூடிய ஒரு உதாரணம் இருந்தது, பிள்ளைகளுக்கு நான் அதைத்தான் சொல்வேன். மேற்கு வங்காளத்தில் கூச்பெஹார் பக்கம், இந்தியாவுக்கும் வங்கதேசத்துக்கும் இடையே கிடந்த துண்டு நிலங்கள். முகலாயர் காலத்தில் கூச்பெஹார் ராஜாவுக்கும் முகலாய அதிகாரிகளுக்கும் நடந்த சண்டையிலும் சமாதானத்திலும் அங்கொன்றும் இங்கொன்றுமாகச் சிதறிப்போன ஊர்கள் அவை. பிரிட்டிஷ்காரர்கள் இருந்தவரை அது பெரிய தொல்லையாகத் தெரியவில்லை. 1947-இல் ஒரு பக்கம் கிழக்குப் பாகிஸ்தான் ஆனது, 1949-இல் கூச்பெஹார் இந்தியாவோடு சேர்ந்தது, அவ்வளவுதான், ஒவ்வொரு துண்டும் அடுத்த நாட்டின் வயிற்றுக்குள் மாட்டிக்கொண்டது. வங்கதேசத்துக்குள் 111 இந்தியத் துண்டுகள், இந்தியாவுக்குள் 51 வங்கதேசத் துண்டுகள். தஹலா காக்ராபாரி என்று ஒரு இடம், ஏறக்குறைய 1.7 ஏக்கர்தான். அது இந்தியா. அதைச் சுற்றி வங்கதேசம், அந்த வங்கதேசத்தைச் சுற்றி மறுபடியும் இந்தியா, அதையும் சுற்றி வங்கதேசம். உலகத்தில் வேறெங்கும் இப்படி மூன்றடுக்குத் துண்டு இருந்ததில்லை.

அங்கே வாழ்ந்தவர்களின் நிலையை நினைத்தால் இப்போதும் எனக்குப் பொறுக்கவில்லை. ஒரு இந்தியத் துண்டில் பிறந்தவர் காகிதப்படி இந்தியர், ஆனால் நடுவில் உள்ள வங்கதேசத்தைக் கடந்து இந்தியாவுக்குள் வர பாஸ்போர்ட்டும் விசாவும் வேண்டும், அந்தப் பாஸ்போர்ட்டை வாங்கப் போவதற்கே இரண்டு எல்லைகளைச் சட்டவிரோதமாகக் கடந்தாக வேண்டும். மின்சாரம் இல்லை, போலீஸ் இல்லை, ஆஸ்பத்திரி இல்லை, ஓட்டு இல்லை. பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்க வெளியூர்க்காரர் யாரையாவது அப்பா என்று பதிந்த குடும்பங்கள் இருந்தன. 2011-இல் இரு நாடுகளும் சேர்ந்து எடுத்த கணக்கில் இப்படி ஐம்பதாயிரம் பேருக்கு மேல் இருந்தது தெரிந்தது.

இதைத் தீர்க்க யாரும் முயலவில்லை என்று சொல்லிவிட முடியாது, அதுதான் இதை இம்ப்ரோலியோ ஆக்குகிறது. 1958-இல் நேருவும் பாகிஸ்தான் பிரதமர் பிரோஸ் கான் நூனும் ஒப்பந்தம் போட்டார்கள், பெருபாரி என்ற பகுதியில் பாதியைக் கொடுப்பதும் துண்டுகளை மாற்றிக்கொள்வதும் அதில் இருந்தன. நிலத்தை விட்டுக்கொடுக்க அரசியல் சட்டத்தைத் திருத்த வேண்டும் என்று 1960-இல் உச்ச நீதிமன்றம் கருத்துச் சொன்னது, 9-ஆவது திருத்தமும் வந்தது, ஆனால் காரியம் நடக்கவில்லை. 1971-இல் நாடே மாறிப்போய் வங்கதேசம் பிறந்தது. 1974 மே மாதம் இந்திரா காந்தியும் முஜிபுர் ரஹ்மானும் புதிய ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள், வங்கதேசம் அந்த வருஷமே ஏற்பு அளித்துவிட்டது, நாமோ 2015 வரை அளிக்கவில்லை. 17,160 ஏக்கர் கொடுத்து 7,110 ஏக்கர் வாங்குவதா என்று ஒரு எதிர்ப்பு, வங்கதேசத்தின் துண்டு நிலமான தஹகிராமுக்குப் போகும் தீன் பிகா பாதையைக் குத்தகைக்கு விடுவதில் இன்னொரு எதிர்ப்பு, அதன் மேல் வழக்குகள். கடைசியில் 100-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் நிறைவேறி, 2015 ஜூலை 31 நள்ளிரவில் துண்டுகள் கை மாறின. எந்த நாடு வேண்டும் என்று மக்களிடமே கேட்டார்கள். பெரும்பாலானவர்கள் வீடு இருந்த இடத்திலேயே இருந்துகொண்டு அந்த நாட்டுக் குடிமக்கள் ஆனார்கள், ஆயிரத்துக்கும் குறைவானவர்களே இந்தியப் பக்கம் வந்தார்கள். பேசித் தீர்க்க முடிந்த ஒன்றுதான் 41 வருஷம் அப்படியே கிடந்திருக்கிறது.

ஐரோப்பாவில் இந்தச் சொல்லுக்குப் பொருத்தமான பழைய வழக்கு ஷ்லெஸ்விக், ஹோல்ஸ்டைன் என்ற இரண்டு சிற்றரசுகள். இரண்டுக்கும் டென்மார்க் அரசரே தலைவர், ஆனால் ஹோல்ஸ்டைன் ஜெர்மன் கூட்டமைப்பில் உறுப்பு, ஷ்லெஸ்விக் உறுப்பு இல்லை, இரண்டையும் என்றைக்கும் பிரிக்கக் கூடாது என்று 1460-இலேயே ஒரு வாக்குறுதி வேறு. இந்த விவகாரம் புரிந்தவர்கள் மூன்றே பேர், ஒருவர் இறந்துவிட்டார், ஒருவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது, மூன்றாவது ஆள் நான், நானும் மறந்துவிட்டேன் என்று பிரிட்டிஷ் பிரதமர் பாமர்ஸ்டன் சொன்னதாகச் சொல்வார்கள். 1864-இல் பிரஷ்யாவும் ஆஸ்திரியாவும் சேர்ந்து டென்மார்க்கைத் தோற்கடித்து இரண்டையும் எடுத்துக்கொண்டன, பிறகு 1866-இல் அவை இரண்டுமே தங்களுக்குள் போருக்குப் போயின. 1920-இல் மக்கள் வாக்கெடுப்பு நடத்தி, வடபகுதி டென்மார்க்குக்கும் அதற்குத் தெற்கே உள்ள பகுதி ஜெர்மனிக்கும் போன பிறகுதான் எல்லை நிலைத்தது.

சரி, இப்போது என் உண்மையான கவலைக்கு வருகிறேன். இந்தச் சொல்லை நல்ல ஆங்கிலம் தெரிந்தவர்களே தவறாகப் பயன்படுத்துகிறார்கள், அந்தத் தவறு இலக்கணத் தவறு இல்லை. ஒரு தரப்பு தெளிவாகத் தப்பு செய்திருக்கும் இடத்திலும் இதைப் போட்டுவிடுகிறார்கள். ஒரு அமைச்சர் லஞ்சம் வாங்கிப் பிடிபட்டால் அது ஊழல். ஒரு முதலாளி சம்பளம் கொடுக்காமல் வைத்திருந்தால் அது சம்பள பாக்கி. ஒரு படை எல்லை தாண்டி ஊருக்குள் புகுந்தால் அது படையெடுப்பு. அங்கெல்லாம் இம்ப்ரோலியோ என்று எழுதினால், என்னமோ சிக்கலான விஷயம், யார் மேலும் குற்றம் சொல்ல முடியாது என்ற எண்ணம்தான் படிப்பவர் மனதில் விழும்.

கிரேக்கரும் துருக்கியரும் சேர்ந்து வாழ்ந்த சைப்ரஸ் தீவை எடுத்துக்கொள்ளுங்கள். 1960-இல் சுதந்திரம் கொடுத்தபோதே பிரிட்டன், கிரீஸ், துருக்கி என்ற மூன்று நாடுகளுக்கு உத்தரவாத உரிமை எழுதிவைத்தார்கள், அரசு வேலையில் கிரேக்கருக்கு 70, துருக்கியருக்கு 30 என்று விகிதம் வைத்தார்கள், மூன்றே வருஷத்தில் அது உடைந்தது, 1964-இலிருந்து ஐ.நா. படை அங்கே இருக்கிறது. 2004 வாக்கெடுப்பில் துருக்கிய சைப்ரஸ்காரர்களில் 65 சதவீதம் பேர் தீவை மறுபடி ஒன்றாக்கும் ஐ.நா. திட்டத்துக்குச் சம்மதம் சொன்னார்கள், கிரேக்க சைப்ரஸ்காரர்களில் 76 சதவீதம் பேர் வேண்டாம் என்றார்கள். மொத்தக் கதையை இம்ப்ரோலியோ என்று சொல்லலாம், தப்பில்லை. ஆனால் 1974 ஜூலையில் ஏதென்ஸின் ராணுவ ஆட்சி அங்கே கவிழ்ப்பு நடத்தியது ஒரு தனிச் செயல், ஐந்து நாளில் துருக்கிப் படை இறங்கியது ஒரு தனிச் செயல், அதில் வீட்டைப் பூட்டிவிட்டு ஓடி அப்புறம் திரும்பிப் போகவே முடியாமல் போனவர்களுக்கு நடந்தது அநியாயம். அந்தச் செயல்களுக்கு அவற்றுக்குரிய பெயரைத்தான் எழுத வேண்டும். மொத்தத்துக்கு வைத்த பெயரை ஒவ்வொன்றின் மேலும் போர்த்தக் கூடாது.

தமிழில் என்ன சொல்லலாம்? சிக்கல் நல்ல சொல்தான், இத்தாலிய மூலத்தின் பொருளும் அதுவே. ஆனால் நாம் சிக்கல் என்பதைச் சின்னச் சின்னத் தொல்லைக்கெல்லாம் சொல்லிச் சொல்லித் தேய்த்துவிட்டோம். முட்டுக்கட்டை பொருந்தாது, தேர்ச் சக்கரத்துக்கு முன்னால் போடுகிற கட்டை அது, எடுத்தால் தேர் நகர்ந்துவிடும், ஆங்கில 'டெட்லாக்'குக்கு அதை வைத்துக்கொள்ளலாம். இழுபறி என்பதில் இரண்டு பக்கம்தான் உண்டு. எனக்கு மிக நெருக்கமாகத் தோன்றுவது வில்லங்கம். நிலம் வாங்கப் போகிற எல்லோரும் பத்திரப்பதிவு அலுவலகத்தில் வில்லங்கச் சான்று போட்டுப் பார்க்கிறோம் இல்லையா? பட்டா பெரியப்பா பெயரில், மூலப்பத்திரம் தாத்தா பெயரில், நடுவில் ஒரு அடமானம், அத்தைக்குப் பங்கு உண்டு என்று ஒரு வழக்கு, இதற்கிடையே பவர் வாங்கிய ஒருவர் பாதியை விற்றிருப்பார். ஒவ்வொருவரிடமும் காகிதம் இருக்கும். 'வில்லங்கமான விவகாரம்' என்று ஊரில் சொல்லும்போது அதில் மானக்கேடு கொஞ்சம் ஒட்டிக்கொண்டே வரும், சம்பந்தப்பட்ட ஆள் மேல் சந்தேகமும் வரும். கூச்பெஹார் துண்டுகளுக்கு இதைவிடப் பொருத்தமான சொல் கிடைக்காது.

இன்னொரு எச்சரிக்கையும் போட வேண்டும். இன்றைய இத்தாலிய மொழியில் இதே சொல்லுக்கு மோசடி என்று பொருள், அதிலிருந்து வருகிற 'இம்ப்ரோலியோனே' என்பது ஏமாற்றுக்காரனைக் குறிக்கும். கப்பலிலோ ஹோட்டலிலோ வேலைக்குப் போய் இத்தாலியர்களோடு பழகப் போகிற பிள்ளை, ஆங்கிலப் பொருளை நினைத்துக்கொண்டு இதை வாய்விட்டுச் சொன்னால் எதிரில் இருப்பவரைத் திருடன் என்று சொன்ன மாதிரி ஆகிவிடும்.

ஆகவே என் வேண்டுகோள் இது. இந்தச் சொல்லை மறுபடி ஒருநாள் எடுத்துப் போடுங்கள். உச்சரிப்பைத் திருத்துங்கள், 'பல தரப்பின் உரிமைகள் ஒன்றோடொன்று பின்னிக்கொண்ட தீராத வில்லங்கம்' என்கிற மாதிரி ஒரு வரியில் பொருள் கொடுங்கள், பன்மைக்குக் கடைசியில் 'எஸ்' மட்டும் சேர்த்தால் போதும் என்றும் சொல்லிவிடுங்கள். எங்கே போடக் கூடாது என்பதற்கும் ஒரு உதாரணம் சேர்த்தால் இன்னும் நல்லது. அதற்கு இடம் போதாது என்றால் தினம் ஒரு சொல் என்பதை வாரம் இரண்டு சொல்லாகக் குறைத்துக்கொள்ளலாம், பிள்ளைகளுக்கு நஷ்டம் ஒன்றும் இல்லை. மேலே போக வழியில்லாமல் நின்றுபோன நிலையைச் சொல்லும் 'இம்பாஸ்' என்ற சொல்லையும் சீக்கிரம் எடுத்துக்கொள்ளுங்கள், இரண்டையும் ஒன்றென்று நினைத்து எழுதிய விடைத்தாள்களை இந்த மாதம் நிறையவே பார்த்துவிட்டேன்.

இப்படிக்கு,
உங்கள் வாசகி,
கும்பகோணம்