வின்னிபெக்கும் கோண்டாவிலும்

கோண்டாவில்,
யாழ்ப்பாணம்.

அன்புள்ள பாலாவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. ரொறன்ரோ நகரின் ஸ்காபரோப் பகுதியில் துப்பாக்கிச் சூடு மலிந்துவிட்டது என்று சொல்லி உன் மகன் குடும்பத்தோடு வின்னிபெக்குக்குப் போக எண்ணுவதாகவும், நீங்கள் இருவரும் ஊருக்கே வந்துவிடலாம் என்று யோசித்தாலும் இங்குள்ள வாள்வெட்டுக் கும்பல்களின் காணொளிகளைப் பார்த்துத் தயங்குவதாகவும் எழுதியிருந்தாய். கனடாவைக் கண்ணாலும் காணாத நான் உனக்கு அந்த நாட்டைப் பற்றி எழுதுவது கொல்லன் தெருவில் ஊசி விற்கிற வேலைதான். ஆனாலும் கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) புள்ளிவிபரப் பகுதியில் இருந்த காலத்துப் பழக்கம் என்னை விடவில்லை; கனடா அரசு ஆண்டுதோறும் வெளியிடும் கொலைக் கணக்குகளைத் தேடி எடுத்துப் பார்த்தேன்.

கொலைக் கணக்கை மட்டும் எடுத்ததற்குக் காரணம் உண்டு. அடிதடியும் கொள்ளையும் முறைப்பாடு செய்தால்தான் பதிவாகும். பொலிஸ் மீது நம்பிக்கை கூடினால் எண்ணிக்கையும் கூடும், குறைந்தால் குறையும். பிணத்தை அப்படி எளிதில் மறைக்க முடியாது. ஒரு இலட்சம் பேருக்கு எத்தனை கொலை என்று பார்த்தால், கனடாவில் 1975 இல் அது மூன்றாக இருந்தது; அதற்குப் பிறகு ஏறியும் இறங்கியும் படிப்படியாகக் குறைந்து, 2013 இல் ஒன்றரைக்கும் கீழே, 1966 க்குப் பின் காணாத அளவுக்கு வந்தது. பின்னர் மீண்டும் ஏறி 2022 இல் இரண்டேகாலைத் தொட்டது. 2023 இல் 778 கொலைகளோடு இரண்டுக்குச் சற்றுக் கீழே இறங்கிவிட்டது. ஆகவே "முன்னொரு காலத்தில் கதவைப் பூட்டாமல் படுத்தோம்" என்று உன் கனேடிய அயலவர் சொன்னால், அவர் எந்த ஆண்டைச் சொல்கிறார் என்று கேட்டுப் பார்.

இடையில் ஒன்று. கொலைக்கு மரணதண்டனை விதிப்பதைக் கனடா 1976 இல் ஒழித்தது. இலங்கையில் கடைசியாக ஒருவர் தூக்கிலிடப்பட்டதும் அதே ஆண்டில்தான். தண்டனையை நீக்கியதால் கனடாவில் கொலைகள் பெருகவில்லை. எங்கள் வாசிகசாலையில் எந்தக் கொலைச் செய்தி வந்தாலும் "தூக்கில் போட வேண்டும்" என்று தொடங்குகிறவர்களுக்கு இதைச் சொல்லிச் சொல்லி நான் களைத்துவிட்டேன்.

இனி உன் மகனின் விடயம். அவன் பயப்படும் ரொறன்ரோவில் 2022 இல் நடந்த கொலைகள் எழுபதை ஒட்டியவை. அவன் போக எண்ணும் வின்னிபெக்கில் அதே ஆண்டில் 53. பார்வைக்கு ரொறன்ரோதான் மோசம். ஆனால் ரொறன்ரோ நகரில் அப்போது முப்பது இலட்சம் அளவில் வாழ்ந்தார்கள். வின்னிபெக்கில் ஏழரை இலட்சம் அளவில்தான். இலட்சத்துக்கு என்று வகுத்துப் பார்த்தால் வின்னிபெக்கில் ஏழு, ரொறன்ரோவில் இரண்டரை. ஆபத்துக்குப் பயந்து ஓடுகிறவன் அதைப்போல் மூன்று மடங்கு உள்ள இடத்துக்கு ஓடப் பார்க்கிறான். பெரிய நகரத்தில் செய்தியாளர்கள் கூட, கமராக்கள் கூட, ஆகையால் பயமும் கூட.

வின்னிபெக் இருக்கும் மனிடோபாவும் அதற்கு அயலிலுள்ள சஸ்காச்சுவானும் கொலை விகிதத்தில் நெடுங்காலமாகவே கனேடிய மாகாணங்களில் முன்னிலையில் நிற்கின்றன. அங்கே கொல்லப்படுவோரில் பெரும் பங்கினர் பூர்வகுடியினர். நாட்டின் சனத்தொகையில் நூற்றுக்கு ஐந்து பேர் அளவில் இருக்கும் அந்த மக்கள், கொலையுண்டோரில் நான்கில் ஒரு பங்கினராக இருக்கிறார்கள். பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்துக்கொண்டுபோன வதிவிடப் பாடசாலைகளில் கடைசியானது மூடப்பட்டது 1990களின் பிற்பகுதியில்தான். அப்படிச் சிதறடிக்கப்பட்ட குடும்பங்களில் வறுமையும் மதுவும் சேரும்போது என்ன நடக்கும் என்பதை, முகாம்களையும் இடப்பெயர்வையும் கண்ட நாங்கள் ஒருவரிடம் கேட்டு அறியத் தேவையில்லை. வின்னிபெக்கிலும் கொலைகள் நகரம் முழுவதும் சமமாகப் பரவியிருப்பதில்லை. மகன் வீடு பார்க்கும் பகுதி எது என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

சிறிய இடங்களின் கணக்கை ஒரே ஆண்டில் வைத்து முடிவெடுக்கவும் வேண்டாம். 2020 ஏப்ரலில் நோவா ஸ்கோஷியாவில் ஒரே ஆள் 22 பேரைக் கொன்றான். அப்போது பத்து இலட்சம் பேர்கூட இல்லாத அந்த மாகாணத்தின் விகிதத்தில் அந்த ஒரு சம்பவமே இரண்டைக் கூட்டிவிட்டது.

எங்கள் பக்கத்துக் கணக்கு இன்னும் சிக்கலானது. போர்க்காலத்தில் பொலிஸ் நிலையமே இல்லாத ஊர்கள் எத்தனை. பதிவேடு இல்லாத இடத்தில் குற்றமும் எழுத்தில் இல்லை. போரில் இறந்தவர்கள் குற்றக் கணக்கில் வருவதும் இல்லை. 2009 க்குப் பின் வடக்கில் குற்றம் பெருகிவிட்டது என்று பேசுவோர், முன்னைய எண்ணை எங்கிருந்து எடுக்கிறார்கள் என்பது எனக்கு விளங்குவதில்லை. துப்பாக்கிக் கொலைகள் இப்போது பெரும்பாலும் தெற்கிலும் மேற்கிலும்தான். 2025 பெப்ரவரியில் கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்துக்குள்ளேயே, சட்டத்தரணி வேடத்தில் வந்தவன் கூண்டில் நின்றவரைச் சுட்டது உனக்குத் தெரிந்திருக்கும். இங்கே வாள்தான். எங்கள் ஒழுங்கையில் ஒரு வீட்டின் இரும்புக் கேற்றில் வெட்டு விழுந்த இடங்களுக்குப் பட்டி பூசி, மேலே பச்சை வர்ணம் அடித்திருக்கிறார்கள். வெயில் சாய்வாக விழும்போது கோடுகள் இன்னும் தெரியும். வீட்டுக்காரர் முறைப்பாடு செய்யவில்லை. "பிணையில் வந்து திரும்ப வெட்டுவாங்கள்" என்றார். அந்த இரவு எந்தப் புள்ளிவிபரத்திலும் இல்லை. குடித்துவிட்டு வந்து மனைவியை அடிப்பவனின் கணக்கும் அப்படித்தான். அதுதான் வாளைவிட அதிகம் என்பது என் துணிபு.

இத்தனைக்கும் நீ வருவதை நான் தடுக்க மாட்டேன். இந்த நாட்டில் ஆண்டுக்கு வீதி விபத்தில் இறப்பவர்கள் இரண்டாயிரத்துக்கு மேல். கொலையாவோர் அதில் மூன்றில் ஒரு பங்கும் வருவதில்லை. ஆகவே கொழும்பில் இறங்கியதும் இரவோடிரவாக வான் பிடித்து ஏ9 வீதியால் வராதே. பகல் ரயிலில் வா. பழைய நினைப்பில் என் மோட்டார் சைக்கிளையும் கேட்காதே, தர மாட்டேன்.

அன்புடன்,
குகன்