ஆன்னி ஒண்ட்ரா பேசிய படங்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். பேசும்படம் பிறந்த கதையைச் சொன்ன சென்ற இதழ்க் கட்டுரை நன்றாக இருந்தது. ஆனால் நடிகை ஆன்னி ஒண்ட்ராவை மட்டும் இரண்டே வரியில் முடித்துவிட்டீர்கள். ஹிட்ச்காக்கின் ‘பிளாக்மெயில்’ (1929) படத்தில் இரவல் குரலில் நடித்தவர், பேசும்படம் வந்ததும் காணாமல் போனவர் என்று. முதலாவது சரி. இரண்டாவது தவறு.

செக் பெற்றோருக்கு 1902இல் பிறந்து பிராக் நகரில் வளர்ந்தவர் ஆன்னி. 1920 வாக்கிலேயே நடிக்க வந்துவிட்டார். இயக்குநரும் நடிகருமான காரெல் லமாச், ஒளிப்பதிவாளர் ஓட்டோ ஹெல்லர், கதாசிரியர் வாட்ஸ்லாவ் வாசர்மன், இவர் என நால்வரும் ஒரே செட்டாக வேலை பார்த்தார்கள். செக் மக்கள்தொகை சின்னது. ஆனால் மௌனப் படத்துக்கு எழுத்து அட்டையை மாற்றினால் போதும், எந்த ஊரிலும் ஓட்டலாம். பெர்லினும் லண்டனும் இவரை அழைத்துக்கொண்டது அப்படித்தான்.

‘பிளாக்மெயில்’ மௌனப் படமாகத்தான் தொடங்கியது. பாதியில் ஒலி வந்து சேர்ந்தது. ஆன்னிக்கு அதில் லண்டன் கடைக்காரர் மகள் வேடம். அதற்கு செக் வாடை அடிக்கும் ஆங்கிலம் ஒட்டாது என்பது நியாயமே. பிறகு டப்பிங் செய்துகொள்ளும் வசதியும் அப்போது இல்லை. அதனால் ஜோன் பேரி என்ற நடிகை கேமராவில் படாமல் மைக் முன் நின்று வசனம் பேச, ஆன்னி உதட்டை மட்டும் அசைத்தார்.

இருந்தும் அந்தப் படத்தில் எல்லோரும் நினைவில் வைத்திருப்பது அவர் பேசாத காட்சியைத்தான். முந்தைய இரவு தன்னைக் கெடுக்க வந்தவனைக் கத்தியால் குத்திவிட்டு வந்தவள், காலைச் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்திருக்கிறாள். பக்கத்தில் ஒரு பெண்மணி அந்தக் கொலையைப் பற்றியே வம்பளக்கிறாள். போகப்போக அவள் பேச்சில் ‘கத்தி’ மட்டும்தான் காதில் விழுகிறது. ரொட்டி வெட்ட எடுத்த கத்தி கையிலிருந்து எகிறிப் போகிறது. வசனமே இல்லாமல் அந்தப் பதைப்பைக் காட்ட, மௌனப் படங்களில் பழகிய முகம் வேண்டும்.

ஒலிச் சோதனைக்காக எடுத்த துண்டுப்படம் ஒன்றும் இருக்கிறது. ஹிட்ச்காக் இரட்டை அர்த்தத்தில் சீண்ட, ஆன்னி சிரித்துக்கொண்டே முகத்தைத் திருப்பிக்கொள்கிறார். எனக்கு அதில் சிரிப்பு வரவில்லை.

அதன்பின் அவர் காணாமல் போய்விடவில்லை. 1930இல் லமாச்சுடன் சேர்ந்து இருவர் பெயரிலும் பெர்லினில் படக் கம்பெனி தொடங்கினார். 1931இல் செக் நகைச்சுவை நடிகர் விளாஸ்டா புரியனோடு நடித்த நகைச்சுவைப் படம் செக், ஜெர்மன் என இரண்டு மொழிகளிலும் எடுக்கப்பட்டது. குத்துச்சண்டை வீரர் மாக்ஸ் ஷ்மெலிங்கை 1933இல் மணந்த பிறகும் நடிப்பை விடவில்லை. 1935இல் கணவரோடு ‘நாக்-அவுட்’ படத்தில்கூட நடித்தார். ஒலி அவருக்கு அடைத்தது ஆங்கிலப் படங்களின் கதவை மட்டுமே.

அப்புறம், குரல் கொடுத்த ஜோன் பேரியின் பெயரையும் கட்டுரை சொல்லவில்லை. ‘பிளாக்மெயில்’ படத்திலும் அவர் பெயரைப் போடவில்லை. அவரே 1931இல் ஹிட்ச்காக்கின் ‘ரிச் அண்ட் ஸ்ட்ரேஞ்ச்’ படத்துக்குக் கதாநாயகி ஆனார். அடுத்த இதழில் திருத்தம் போடும்போது அவர் பெயரையும் சேர்த்துவிடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
கும்பகோணம்