மேல்வாய்க்கால் நிலம்

அன்புள்ள கதிருக்கு,

அப்பா எழுதுகிறேன். உடம்பு எப்படி இருக்கிறது? மெல்பர்னில் குளிர் தொடங்கிவிட்டது என்று செய்தியில் சொன்னார்கள். ஹீட்டரைப் போட்டுக்கொண்டே தூங்கிவிடாதே. அணைத்துவிட்டு இன்னொரு கம்பளியைச் சேர்த்துப் போர்த்திக்கொள். கப்பல் பட்டறையில் 11 வருஷம் நெருப்புக் காவல் பார்த்தவன் சொல்கிறேன். ஒரு பொறி எங்கே போய் உட்காரும் என்று யாருக்கும் தெரியாது.

தீபாவளிக்குப் பிறகு உன் குரலைக் கேட்கவில்லை. வாட்ஸ்அப்பில் கட்டைவிரல் மட்டும் வருகிறது. வேலை அதிகமாக இருக்கும், சரி. அதைக் கேட்க நான் இதை எழுதவில்லை.

உன் அறையில் இருக்கும் படங்களைப் பார்க்க ஆரம்பித்திருக்கிறேன். பழைய டிவிடி பிளேயர் இன்னும் ஓடுகிறது, தட்டு மட்டும் கையால் தள்ளினால்தான் உள்ளே போகிறது. மத்தியானம் கீழே கோப்பிக்கடையில் ஒரு தே சி டீ குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தால் சாயங்காலம் வரை பொழுது போய்விடுகிறது. நீ பாலிடெக்னிக்கில் படிக்கும்போது இந்த ஜப்பான் இயக்குநர் குரோசவாவின் சண்டைப் படங்களை ராத்திரி முழுவதும் பார்ப்பாய். காலையில் எழுந்திருக்க மாட்டாய் என்று நான் சத்தம் போட்டிருக்கிறேன். அப்போது உன் பக்கத்தில் ஒரு நாள் உட்கார்ந்து பார்த்திருக்கலாம்.

எனக்கு நம் ராஜா படங்கள்தான். கட்டபொம்மன் வசனம் முழுக்க மனப்பாடம், உனக்கே தெரியும். 2023இல் நீ லீவில் வந்திருந்தபோது பொன்னியின் செல்வன் இரண்டாம் பாகத்துக்கு நாலு பேரும் போனோமே. அருள்மொழி கிரீடத்தைச் சித்தப்பா மதுராந்தகனுக்கு விட்டுக்கொடுக்கும் இடத்தில் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். அது வெறும் கதை இல்லை, திருவாலங்காட்டுச் செப்பேட்டிலேயே இருக்கிறது என்று திரும்பி வரும்போது எம்ஆர்டி ரயிலில் உனக்குச் சொன்னேன். சித்தப்பாவுக்கு ஆசை இருக்கும்வரை தனக்கு அரசு வேண்டாம் என்று இருந்தாராம். 985இல்தான் ராஜராஜனாகப் பட்டத்துக்கு வருகிறார். நீ கேட்டுக்கொண்டே வந்து, "அப்புறம் அவரே படை அனுப்பி ஈழத்தைப் பிடிச்சாரே, அந்த ஊர்க்காரங்களுக்கு என்ன ஆச்சு, அதை யாராவது செப்பேட்டில எழுதினாங்களாப்பா?" என்றாய். எனக்குக் கோபம் வந்தது. அசையாமல் நின்றுகொண்டு நம் ஈசூன் ஸ்டேஷன் வரும்வரை உன்னோடு பேசவில்லை.

இப்போது உன் படங்களைப் பார்த்தபிறகு நீ கேட்டது சரியான கேள்வி என்று தோன்றுகிறது.

முதலில் 'ககெமுஷா' பார்த்தேன். 1980இல் வந்தது. ஷிங்கென் என்ற பெரிய பிரபு சாகும்போது, நான் செத்ததை 3 வருஷம் வெளியே சொல்லாதீர்கள், நம் எல்லையை விட்டு நகராதீர்கள் என்கிறார். மகன் கட்சுயோரி கேட்கவில்லை. படையைக் கிளப்பிக்கொண்டு போகிறான். 1575இல் நாகஷினோ என்ற இடத்தில் எதிரியின் துப்பாக்கிகளுக்கு முன்னால் குதிரைப்படை அத்தனையும் அழிகிறது. குதிரைகள் விழுவதைக் காட்டாமல், விழுந்து கிடந்த பிறகு எழுந்திருக்கப் பார்ப்பதை நெடுநேரம் காட்டுகிறார்கள். பார்க்க முடியவில்லை. அப்பன் சொல் கேட்காத பிள்ளை இப்படித்தான் போகும் என்று நினைத்தேன். உன்னை நினைத்துத்தான் நினைத்தேன், மறைக்கவில்லை. ஆனால் மறுநாள் திரும்பப் போட்டுப் பார்த்தபோது வேறு ஒன்று கண்ணில் பட்டது. அந்த அப்பா பேரனை வாரிசாக்கிவிட்டு மகனை வெறும் காவலுக்கு நிறுத்தியிருக்கிறார். எல்லார் முன்னாலும் அவனுக்கு அந்த அவமானம். அவன் மண் பிடிக்கப் போகவில்லை கதிர். அப்பா ஒரு தடவை தன் பெயரைச் சொல்லட்டும் என்றுதான் போனான்.

அப்புறம் 'ரான்'. 1985 படம், மூன்று பிள்ளைகளுக்கு நாட்டைப் பிரித்துக் கொடுத்த ஒரு கிழப் பிரபுவின் கதை. இயக்குநர் குரோசவாவுக்கு அப்போது 75 வயது, எனக்கு இன்னும் 3 வருஷம் இருக்கிறது. டப்பாவுக்குள் இருந்த சின்னப் புத்தகத்தை அகராதி வைத்துக்கொண்டு படித்தேன். ஃபுஜி மலைச் சரிவில் ஒரு கோட்டையைக் கட்டி, கேமராக்களை வைத்து, ஒரே தடவையில் உண்மையாகவே கொளுத்தியிருக்கிறார்கள். கிழப் பிரபு அதிலிருந்து வெளியே வந்து கற்படியில் இறங்குகிறார். கையில் வெறும் வாள் உறை. முதுகுக்குப் பின்னால் அவ்வளவு தீ. அந்த நடிகர் ஒரு தடவைகூடத் திரும்பவில்லை. எண்ணெய்த் தொட்டிக்குள் வெல்டிங் நடக்கும்போது சாக்கும் தண்ணீருமாக நின்றிருக்கிறேன். அனல் பிடரியில் அடித்தால் ஆள் தன்னை அறியாமல் தோளைக் குறுக்குவான். அவர் குறுக்கவில்லை. அம்மா இருந்திருந்தால் துணியைத்தான் பார்த்திருப்பாள். மூத்தவன் படைக்கு மஞ்சள், நடுவனுக்குச் சிவப்பு, இளையவனுக்கு நீலம். அந்த உடைகளுக்கு ஆஸ்கர் கிடைத்ததாம்.

படம் எடுத்துக்கொண்டிருக்கும்போதே குரோசவாவின் மனைவி இறந்துவிட்டார். ஒரு நாள் மட்டும் வேலையை நிறுத்தினாராம். அதைப் படித்துவிட்டு ரொம்ப நேரம் பால்கனியில் நின்றேன். அம்மாவின் பதினாறாம் நாள் முடிந்த மறுநாளே மத்திய சேமநிதி, வீடமைப்பு வளர்ச்சிக் கழகம், பேங்க் என்று தாள்களை மேசையில் பரப்பியவன் நான். அக்கா எல்லாவற்றையும் நகல் எடுத்துக் கொடுத்தாள். அவளுக்கு அழ நேரம் கொடுக்கவில்லை.

அக்கா நன்றாக இருக்கிறாள். முட்டிக்கு அவள்தான் என்னைப் பலதுறை மருந்தகத்துக்கு அழைத்துப் போகிறாள். உன்னைப் பற்றிப் பேசுவதில்லை. நானும் எடுப்பதில்லை. ஹீட்டர் வயர் பழசாக இருந்தால் மாற்றிவிடு.

ரான் படத்தின் ஆரம்பத்தில் கிழவர் விருந்தாளிகள் முன்னால் பிள்ளைகளை உட்காரவைத்து நாட்டைப் பிரிக்கிறார். மூத்தவன்தான் தலைவன், மற்ற இரண்டு பேரும் அவனுக்குத் துணை. அம்பு கதை சொல்கிறார். நம் விறகுக்கட்டுக் கதைதான். உங்கள் இரண்டு பேருக்கும் நான் சாத்தே குச்சிகளை வைத்துச் சொன்னேனே, கட்டை யார் பிடிப்பது என்று சண்டை போட்டு உன் உள்ளங்கையில் குச்சி ஏறி, அம்மா மஞ்சள் பற்றுப் போட்டாளே, அதே கதை. அங்கே இளையவன் சபுரோ மூன்று அம்புகளையும் முழங்காலில் வைத்து ஒடித்துவிடுகிறான். இரக்கமில்லாமல் ஊரைப் பிடித்தவர் நீங்கள், உங்கள் பிள்ளைகள் மட்டும் ஒற்றுமையாக இருப்பார்கள் என்று எப்படி நம்புகிறீர்கள் என்கிறான். அவனை நாட்டை விட்டே துரத்துகிறார். அதற்குக் கொஞ்சம் முன்னால், கிழவர் வெயிலில் தூங்கிப்போனபோது செடிக்கொம்புகளை வெட்டி நட்டு அவர் மேல் நிழல் விழச் செய்தவன் அந்தப் பிள்ளைதான்.

தீபாவளி அன்று மாமா குடும்பம் முழுக்க உட்கார்ந்திருக்கும்போது, வீடு அக்காவுக்கு, உனக்குச் சம்மதம்தானே, எல்லார் முன்னாலும் சொல் என்று உன்னைக் கேட்டேன். "எனக்கு வீடு வேண்டாம்பா. இங்கயே இருக்க அவளுக்கு இஷ்டமான்னு அவளைக் கேட்டீங்களா?" என்றாய். வெளியூர் போனவனுக்கு இங்கே என்ன பேச்சு என்று சொன்னேன். அக்கா உன்மேல் கோபப்பட்டாள். அவள் முகத்தை நான் அப்போது பார்க்கவில்லை, பார்த்திருந்தால் அது உன்மேல் வந்த கோபம் இல்லை என்று தெரிந்திருக்கும்.

ஆனாலும் நீ ஒரு போன் போட்டிருக்கலாம். 7 மாசம் கதிர். முட்டி ஸ்கேன் எடுத்த அன்றாவது கேட்டிருக்கலாம். அந்த மூளை, அந்தப் படிப்பு, புளோக்கில் எல்லாரிடமும் நான் சொல்லிக்கொள்ளும் பிள்ளை நீ. உனக்குத் தோன்றவில்லையா?

சரி. எழுத உட்கார்ந்ததை எழுதிவிடுகிறேன்.

அந்தப் படத்தில் ஒரு புயல் ராத்திரி. நாடு போய், புத்தி பேதலித்து, கிழவர் ஒரு குடிசைக்குள் ஒதுங்குகிறார். உள்ளே ஒரு ஆள் இருட்டில் இருக்கிறான். முன்பு இவர் கோட்டையைப் பிடித்தபோது கண்ணைப் பறித்துவிட்டு உயிரை மட்டும் விட்ட பையன். விருந்தாளிக்குக் கொடுக்க வேறு எதுவும் இல்லை என்று அவன் புல்லாங்குழல் வாசிக்கிறான். கிழவரால் கேட்டுக்கொண்டு உட்கார முடியவில்லை. நானும் அத்தோடு நிறுத்திவிட்டேன். மிச்சத்தை மூன்று நாள் கழித்துத்தான் பார்த்தேன்.

2019 டிசம்பரில் ஊருக்குப் போனேன் அல்லவா, குத்தகைப் பணம் வாங்க. வயலிலிருந்து வரும்போது அடைமழை. ஒதுங்க இடமில்லாமல் உன் சித்தப்பா வீட்டுத் திண்ணையில் ஏறிவிட்டேன். 2018 நவம்பரில் கஜா புயலில் போன ஓட்டுக்கு, ஒரு வருஷம் கழித்தும் தார்ப்பாய்தான் கட்டியிருந்தார்கள். சித்தி உள்ளே கூப்பிட்டுத் துண்டு கொடுத்தாள். காப்பி கொடுத்தாள். டம்ளருக்குக் கீழே வைக்கத் தட்டு இல்லை என்று ஒரு சின்னக் கிண்ணத்தைத் துடைத்து அதில் வைத்துக் கொடுத்தாள். சித்தப்பா இறந்து 5 வருஷம். நான் சாவுக்குப் போகவில்லை. அவள் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "கதிர் நல்லா இருக்கானா மாமா?" என்று உன்னைத்தான் கேட்டாள். இதை நான் வந்து யாரிடமும் சொல்லவில்லை, அம்மாவிடம்கூட.

சித்தப்பா நம்மை ஏமாற்றி நிலத்தைப் பிடுங்கிக்கொண்டார் என்று உங்களுக்குச் சொல்லி வளர்த்தேன். 2001இல் ஊருக்குப் போனபோது அந்த வீட்டில் கை நனைக்கக்கூடாது என்று உங்கள் இரண்டு பேரையும் வாசலிலிருந்து திருப்பிக் கூட்டி வந்தேன். அது பொய்.

தாத்தா இறந்து 1989இல் பாகப்பிரிவினை. மொத்தம் 9 மா நிலம். நம் ஊர் கடைமடை, உனக்குத் தெரியும். மேட்டூரில் ஜூன் 12 தண்ணீர் திறந்தாலும் நமக்கு வந்து சேர்வது கடைசியில். அதிலும் மேல்வாய்க்கால் ஓரம் 5 மா, அதற்குத்தான் தண்ணீர். கீழே இருக்கிற 4 மா வாய்க்கால் வற்றினால் வெடிக்கும், மழை பெய்தால் மூழ்கும். தாத்தாவின் வைத்தியத்துக்கு சிங்கப்பூர்க் காசு அனுப்பியவன் நான், மேல்வாய்க்கால் எனக்குத்தான் என்று பெரிய மனிதர்களை உட்காரவைத்துச் சொன்னேன். 10 நாள் லீவில் போனவன். ஏர் பிடித்து உழுதவன் அவன். பத்திரத்தில் கையெழுத்துப் போடும் முன்னால் என் தம்பி என்னைத் தனியாக வாய்க்கால் மதகுக்குக் கூட்டிப் போனான். கால் சேறோடு நின்றுகொண்டு, "அண்ணே, மேல ரெண்டு மா மட்டும் விட்டுக்குடுங்க. நாத்தங்காலுக்குத் தண்ணி வேணும்" என்றான். அவ்வளவுதான் கேட்டான். நாற்று விட ஒரு துண்டு ஈரம். என் காசில் சாப்பிட்டவனுக்குப் பங்கு கேட்க வாய் எப்படி வருகிறது என்றேன். அவன் குனிந்து மதகுப் பலகையைச் சரியாகப் பொருத்திவிட்டு வந்து கையெழுத்துப் போட்டான். நாற்றை அடுத்தவர் வயலில் காசு கொடுத்து வாங்கித்தான் கடைசிவரை நட்டிருக்கிறான். என் 5 மாவில் நான் ஒரு நாள்கூட இறங்கியதில்லை.

வெளியூர் போனவனுக்கு இங்கே என்ன பேச்சு என்று உன்னைக் கேட்டேனே. அந்த வார்த்தையை யார் யாரிடம் சொல்லியிருக்க வேண்டும்?

மேல்வாய்க்கால் நிலத்தைச் சித்தி மகள் பேருக்கு எழுதிக் கொடுத்துவிடுகிறேன். அடுத்த மாசம் திருச்சிக்கு டிக்கெட் பார்க்கிறேன். முட்டி இருக்கிறது, தனியாகப் போகாதீர்கள் என்று அக்கா சொல்வாள். அவளிடம் இன்னும் சொல்லவில்லை, முதலில் உனக்குத்தான் எழுதுகிறேன். இந்த ஈசூன் வீட்டு விஷயத்தையும் நான் யாருக்கும் அறிவிக்கப் போவதில்லை. அவளைக் கேட்கிறேன். நீ கேட்கச் சொன்னதைத்தான் கேட்கப் போகிறேன், 7 மாசம் கழித்து.

ஹீட்டரை அணைத்துவிட்டுத் தூங்கு. வெளியே வாங்கிச் சாப்பிடுவதைக் குறைத்துக்கொள்.

இன்னொன்று சொல்ல விட்டுவிட்டேன். உன் டிவிடி டப்பாக்களில் ஒரு தூசி இல்லை. முதல் நாள் எடுக்கும்போதே பார்த்தேன். பார்த்த படத்தை நான் எங்காவது செருகிவிட்டுப் போனால் மறுநாள் அது உன் பழைய வரிசைப்படி, வருஷ வாரியாக, அதனதன் இடத்தில் இருக்கிறது. நான் சொல்லவில்லை. அக்கா வேலைக்குப் போகுமுன் செய்கிறாள்.

அன்புடன்,
அப்பா